பயத்துக்கு ஒரு டீ சொல்லுங்க!

யுத்தத்துக்கு வேண்டிய சாமான் எங்கே கிடைக்கும் என்று எங்கள் பக்கத்தில் கேட்டால், பள்ளிக்கூடத்துப் பையன்கூட வழி சொல்வான். ஆவடி. 1961-ல் ஆரம்பித்த கனரக வாகனத் தொழிற்சாலை. 1965-ல் அங்கிருந்து முதல் விஜயந்தா டாங்கி வெளியே வந்தது. அப்புறம் அஜேயா, அர்ஜுன், பீஷ்மா. குருக்ஷேத்திரத்தில் எதிரெதிரே நின்ற பீஷ்மரும் அர்ஜுனனும் இங்கே ஒரே காம்பவுண்டுக்குள் பெயின்ட் அடித்துக்கொண்டு புறப்படுகிறார்கள். ராணுவத்துக்கு யூனிஃபார்ம் தைக்கிற ஃபேக்டரியும் அதே ஊரில்தான்.

நான் இந்த வாரம் சொல்லப்போவது டாங்கி தேவைப்படாத ஒரு யுத்தம். தளபதியின் பெயர் கோபம். பக்கத்தில் காமம், பேராசை, கர்வம். எதிர் அணியில் பொறுமை, திருப்தி, விவேகம். போர் நடக்கிற தேசம், மனசு. உணர்ச்சிகளே ராஜாக்கள், உணர்ச்சிகளே சிப்பாய்கள். சுத்தமான கற்பனை உலகம்.

'அட, இன்சைட் அவுட் படம்தானே!' என்று உங்கள் வீட்டு வாண்டு குரல் கொடுக்கும். அதுவும்தான். 2015-ல் பிக்ஸார் கம்பெனிக்காக பீட் டாக்டர் எடுத்த படம். ரைலி என்கிற பதினோரு வயதுப் பெண்ணின் மண்டைக்குள் சந்தோஷம், சோகம், கோபம், பயம், அருவருப்பு என்று ஐந்து பேர் கன்ட்ரோல் ரூமில் உட்கார்ந்து பட்டன் தட்டுவார்கள். 2024-ல் வந்த இரண்டாம் பாகத்தில் ரைலிக்கு வயது பதின்மூன்று. பதற்றம், பொறாமை, சலிப்பு, கூச்சம் என்று நாலு பேர் பெட்டி படுக்கையோடு வந்து சேர்கிறார்கள். அதில் பதற்றம், பழைய ஐந்து பேரையும் ஜாடியில் அடைத்து நாடு கடத்திவிட்டு ஆட்சியைப் பிடிக்கிறது. உலகம் முழுக்க 160 கோடி டாலருக்கு மேல் வசூல்.

ஆனால், இந்தக் கதைக்கு காப்பிரைட் கேட்டு யாராவது கோர்ட்டுக்குப் போனால் பிக்ஸார் தோற்றுப்போகும். கி.பி. 400 வாக்கில் புருடென்டியஸ் என்று ஒரு ஸ்பெயின் தேசத்துக் கவிஞர், லத்தீனில் 'சைக்கோமேக்கியா' என்று ஒரு காவியம் எழுதினார். நற்குணங்களுக்கும் துர்குணங்களுக்கும் யுத்தம். அதில் கோபம் வாளை ஓங்கிக்கொண்டு பொறுமையின் மீது பாய்கிறது. பொறுமை அசையாமல் நிற்கிறாள். ஹெல்மெட்டில் பட்டு வாள் உடைகிறது. ஆத்திரம் தாங்காமல் கோபம் தன் ஈட்டியிலேயே விழுந்து சாகிறது. ஹெல்மெட் போட்டால் உயிர் தப்பலாம் என்று போக்குவரத்து போலீஸுக்கு முன்னாடியே சொன்னவர் அவர்தான்.

நம் ஊருக்கு வருவோம். பதினோராம் நூற்றாண்டில் சந்தேல ராஜா கீர்த்திவர்மனின் காலத்தில் கிருஷ்ணமிச்ரர் என்பவர் சம்ஸ்கிருதத்தில் எழுதிய நாடகம் 'பிரபோத சந்திரோதயம்'. மனசு என்கிற ராஜாவுக்கு இரண்டு பெண்டாட்டிகள். ஒருத்தி பிரவிருத்தி, உலக விவகாரங்களில் இறங்குகிறவள். இன்னொருத்தி நிவிருத்தி, ஒதுங்குகிறவள். முதல்வளின் வம்சத்தில் மகாமோகன், காமன், குரோதன், லோபன் எல்லாம். இரண்டாவதின் பிள்ளை விவேகன், அவன் கூட்டாளிகள். ஆக, இது பங்காளிச் சண்டை. கோபத்தைப் பொறுமையும் பேராசையைத் திருப்தியும் ஜெயிக்கின்றன. தமிழிலும் இதை மாதைத் திருவேங்கடநாதர் செய்யுளாகச் செய்திருக்கிறார். 'மெய்ஞ்ஞான விளக்கம்' என்று அதற்கு இன்னொரு பெயர்.

இதில் வேடிக்கை என்னவென்றால், நிஜமான ஒரு யுத்தத்தில் சேதி நாட்டு ராஜாவை ஜெயித்த பிறகு, அந்த வெற்றியைக் கொண்டாடப் போட்ட நாடகம் இது. வெளியில் சண்டை முடிந்தது, கொஞ்சம் சாந்த ரசமாக ஏதாவது பார்க்கலாமே என்று மேடை ஏற்றியிருக்கிறார்கள். நிஜ ரத்தம் பார்த்தவர்களுக்குத்தான் கற்பனைச் சண்டையின் அருமை தெரியும்போல.

இதற்குப் போட்டியாக வந்தது நம் பக்கத்துச் சரக்கு. பூந்தமல்லியில் காஞ்சிபுரம் பஸ் ஏறினால் இரண்டு மணி நேரத்துக்குள் தூப்புல் போய்விடலாம். 1268-ல் அங்கே பிறந்தவர் வேதாந்த தேசிகர். 'சங்கல்ப சூர்யோதயம்' என்று பத்து அங்கத்தில் ஒரு நாடகம் எழுதினார். கிருஷ்ணமிச்ரர் சந்திரனை உதிக்கவைத்தால் இவர் சூரியனையே உதிக்கவைத்தார். டைட்டிலிலேயே சவால்! இங்கேயும் விவேகனுக்கும் மகாமோகனுக்கும்தான் யுத்தம். விவேகனின் மனைவி சுமதி, மகாமோகனின் மனைவி துர்மதி.

ஆறாவது அங்கத்தில் ஓர் அருமையான இடம். தியானத்துக்கு ஏற்ற புண்ணிய பூமி எங்கே என்று விவேகன் ரதத்தில் ஏறி இந்தியா பூராவும் சுற்றுகிறான். ரதம் ஓட்டுகிறவனின் பெயர் தர்க்கம். அவன்தான் டிரைவர் என்றால் கேட்கவேண்டுமா? எந்த ஊருக்குப் போனாலும் ஒரு குறை தெரிகிறது. கடைசியில், மனசைவிட நல்ல இடம் கிடையாது என்று புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்கிறார்கள். அவுட்டர் ரிங் ரோட்டில் வீட்டு மனை பார்க்கக் கிளம்பி, ஆறு மாசம் ஒவ்வொரு லேஅவுட்டாக அலைந்து, பழைய வீட்டுக்கே ஒயிட்வாஷ் அடித்துக்கொண்ட பலரை எனக்குத் தெரியும். தேசிகர் அவர்களுக்காகத்தான் எழுதியிருக்கிறார்.

இரண்டு நாடகத்திலும் யுத்தத்தை மேடையில் காட்டமாட்டார்கள். ஒன்றில் சிரத்தை என்கிற பாத்திரம் நடந்ததை வந்து சொல்கிறாள். இன்னொன்றில் நாரதரும் தும்புருவும் ஆகாயத்திலிருந்து கமென்ட்ரி கொடுக்கிறார்கள்.

சரி, பாராட்டினது போதும். குறையும் சொல்லவேண்டும்.

கிருஷ்ணமிச்ரரின் நாடகத்தில் எனக்கு இடிக்கிற இடம் ஒன்று உண்டு. மகாமோகனின் சேனையில் கோபம், பேராசை மட்டும் இல்லை. அவருக்குப் பிடிக்காத சமயத்தார்களும் இருக்கிறார்கள். சமணர், பௌத்தர், காபாலிகர் எல்லாரையும் மூன்றாவது அங்கத்தில் கோமாளிகளாக்கி, மயக்கத்தின் ஆட்களாக நிறுத்திவிடுகிறார். தேசிகரும் மாற்றுக் கட்சிக்காரர்களைத் தோற்கடிக்கத் தனி அங்கமே ஒதுக்கியிருக்கிறார். அந்தக் காலத்து வழக்கம் என்று விட்டுவிடலாம். ஆனாலும் கவனிக்கவேண்டிய விஷயம் இது. முதலில் ஓர் உணர்ச்சியை எதிரி என்று முத்திரை குத்துகிறோம். அடுத்து, அந்த உணர்ச்சிக்கு ஒரு முகம் தேவைப்படுகிறது. பக்கத்துத் தெருக்காரனின் முகம் சுலபமாகக் கிடைத்துவிடுகிறது.

ஆனால், அதே கிருஷ்ணமிச்ரர் ஐந்தாவது அங்கத்தில் ஒரு காரியம் செய்திருக்கிறார் பாருங்கள், அதற்காக எல்லாவற்றையும் மன்னித்துவிடலாம். யுத்தம் முடிந்துவிட்டது. கெட்ட உணர்ச்சிகள் ஒழிந்தன. வெற்றி முரசு கொட்டவேண்டிய நேரம். அப்போது மனசு ராஜா வருகிறார். வந்து அழுகிறார். செத்துப்போன காமனும் குரோதனும் லோபனும் யார்? அவர் பெற்ற பிள்ளைகள் அல்லவா? ஜெயித்தவனும் அவர் பிள்ளை, தோற்றவனும் அவர் பிள்ளை. துக்கம் தாங்காமல் உயிரையே விடத் துணிகிறார். சரஸ்வதி வந்து, பக்கத்தில் இருந்து, ஆறுதல் சொல்லித்தான் அவரைத் தேற்றவேண்டியிருக்கிறது.

என்னைக் கேட்டால், இந்த நாடகத்தின் உயிரே அந்த அழுகைதான். உணர்ச்சிகளை ஜெயிப்பது எப்படி என்று நாலு அங்கம் பாடம் நடத்தியவர், ஜெயித்த பிறகு வீடு எப்படி வெறிச்சோடிக் கிடக்கும் என்பதையும் பார்த்திருக்கிறார்.

இன்றைக்கு நம் ஊரில் மோட்டிவேஷன் பேச்சாளர்கள் செய்கிற யுத்தத்தில் இந்த ஐந்தாவது அங்கம் கிடையாது. அம்பத்தூர் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பரீட்சைக்கு முன்னால் 'பயத்தைக் கொல்வோம்' என்று ஒரு நிகழ்ச்சி. பத்திரிகைக்காரன் என்கிற முறையில் என்னையும் கடைசி பெஞ்சில் உட்காரவைத்திருந்தார்கள். கோட் போட்ட பேச்சாளர் ஆளுக்கு ஒரு காகிதம் கொடுத்தார். "உங்க பயத்தை அதுல எழுதுங்க. எழுதியாச்சா? இப்ப கிழிங்க! சுக்கு நூறா கிழிங்க! பயம் செத்துப்போச்சு!" ஒரே கைதட்டல். குப்பைக்கூடை நிரம்பியது.

ஒரு பெண் மட்டும் காகிதத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா, கிழிக்கலையா?"

"சார், எங்க அப்பா நைட் ஷிஃப்ட் முடிச்சிட்டு பைக்ல வருவாரு. ரோட்டுல லைட்டே இருக்காது. அவர் வர்ற வரைக்கும் பயமா இருக்கும்னு எழுதியிருக்கேன். இதையும் கிழிக்கணுமா சார்?"

பேச்சாளர் சிரித்துவிட்டு, "பாசிட்டிவ்வா திங்க் பண்ணும்மா" என்று அடுத்த பெஞ்சுக்கு நகர்ந்தார்.

நான் பி.காம். படித்தவன். எனக்குத் தெரிந்த பாஷையில் சொல்கிறேன். கணக்கில் பத்தாயிரம் ரூபாய் உதைக்கிறது என்று ஆடிட்டர் வந்து சொல்கிறார். ஆடிட்டரை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினால் கணக்கு டேலி ஆகிவிடுமா? அந்தப் பெண்ணின் பயம், ஆடிட்டர். அது சொன்ன சேதி, ரோட்டில் விளக்கு இல்லை என்பது. அதற்கு மருந்து பாசிட்டிவ் திங்க்கிங் இல்லை. நாலு ட்யூப்லைட்.

தொல்காப்பியரிடம் இந்தத் தெளிவு இருந்தது. பொருளதிகாரத்தில் மெய்ப்பாட்டியல் என்று ஓர் இயல். அதில் எட்டு உணர்ச்சிகளைச் சொல்கிறார். பிக்ஸார்காரர்கள் எக்மன், கெல்ட்னர் என்று பெரிய பெரிய மனோதத்துவப் பேராசிரியர்களைக் கலந்து பேசிப் பிடித்த ஐந்து பேரும் அந்த எட்டுக்குள் அடக்கம். சந்தோஷம் என்றால் உவகை. சோகத்துக்கு அழுகை. கோபத்துக்கு வெகுளி. பயத்துக்கு அச்சம். அருவருப்புக்குக் கிட்டத்தட்ட இளிவரல். மிச்சம் மூன்று, சிரிப்பும் வியப்பும் பெருமிதமும். பாவம், ரைலியின் கன்ட்ரோல் ரூமில் அவர்களுக்கு நாற்காலி போடவில்லை.

அதைவிட முக்கியம், ஒவ்வோர் உணர்ச்சியும் எங்கிருந்து பிறக்கிறது என்று நாலு நாலு காரணம் சொல்கிறார். அழுகைக்கு அவர் சொல்லும் நாலில் ஒன்று இழப்பு, இன்னொன்று வறுமை. அச்சத்துக்கு அணங்கு, மிருகம், திருடன், அரசன். (கடைசி ஐட்டத்தை மேனேஜர் என்று மாற்றிக்கொண்டால் இன்றைக்கும் பொருந்தும்.) வெகுளிக்கு? உறுப்பை அறுப்பது, குடியைக் கெடுப்பது, அலைக்கழிப்பது, கொலை. நாலுமே அநியாயங்கள்! அநியாயத்தைப் பார்த்தால் கோபம் வரும் என்பதுதான் அவருடைய கணக்கு. முன்னால் போன ஆட்டோக்காரர் இண்டிகேட்டர் போடாமல் திரும்பியதற்கு சி.டி.எச். ரோட்டில் நாம் கத்துகிற கத்தலுக்கு அந்த லிஸ்ட்டில் இடமில்லை.

'வள்ளுவர் வெகுளாமை என்று ஓர் அதிகாரமே வைத்திருக்கிறாரே?' என்று கேட்பீர்கள். வைத்திருக்கிறார். ஆனால், முதல் குறளிலேயே அவர் கேட்பது, உன் கோபம் செல்லுபடியாகிற இடத்தில் அதை அடக்குகிறாயா என்று. மேலதிகாரியிடம் பல்லைக் காட்டிவிட்டு வீட்டுக்கு வந்து குழந்தையிடம் பாய்கிறோமே, அந்த இடத்தைத்தான் தொடுகிறார்.

இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் இன்சைட் அவுட் படத்தின் குறையும் தெரியும். முதல் பாகத்தில் ரைலி கலங்குவதற்குக் காரணம், அப்பாவின் புதுத் தொழிலுக்காகக் குடும்பம் மின்னசோட்டாவிலிருந்து சான்ஃபிரான்சிஸ்கோவுக்குக் குடிபெயர்ந்தது. சிநேகிதி போச்சு, பழைய டீம் போச்சு, வீடு போச்சு. படம் முழுக்க மண்டைக்குள் நடக்கிற ரிப்பேரையே காட்டுகிறார்கள். வெளியே ஏதாவது மாறலாமா என்று யாரும் கேட்பதில்லை. ஃபேக்டரி மூடியதால் வீட்டைக் காலி செய்துகொண்டு போன குடும்பங்களைப் பார்த்த நமக்கு, மண்டைக்குள் இருக்கிற பட்டன் மட்டும் போதாது என்று தெரியும்.

ஆனாலும், அது நல்ல படம். காரணம் இரண்டு காட்சிகள். முதல் பாகத்தில் ரைலியின் கற்பனைத் தோழன் பிங் பாங், தன்னுடைய ராக்கெட் வண்டியைக் குப்பையில் தள்ளிவிட்டதும் இடிந்துபோய் உட்கார்ந்துவிடுகிறான். சந்தோஷம் கிச்சுக்கிச்சு மூட்டிப் பார்க்கிறாள், வேடிக்கை காட்டுகிறாள், ஒன்றும் நடக்கவில்லை. சோகம் மெல்லப் பக்கத்தில் போய் உட்கார்கிறாள். "உனக்குப் பிடிச்சதை எடுத்துட்டாங்களே" என்கிற மாதிரி ஏதோ சொல்லிவிட்டு, அவன் பேசுவதைக் கேட்கிறாள். அவ்வளவுதான். அவன் அழுது முடித்து, எழுந்து நடக்கிறான். இரண்டாம் பாகத்தின் முடிவில், அத்தனை அட்டகாசம் செய்த பதற்றத்தை யாரும் கொல்வதில்லை. ஒரு சாய்வு நாற்காலியில் உட்காரவைத்து, கையில் ஒரு கப் டீ கொடுத்துவிடுகிறார்கள். நீயும் இங்கேயே இரு, பட்டனை மட்டும் தொடாதே!

தோற்றவனின் பக்கத்தில் உட்காருகிற இந்த ஆசாமி, நம் கூத்து மேடைக்குப் பழைய ஆள். திருவள்ளூர், காஞ்சிபுரம் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதத் திருவிழா பார்த்திருக்கிறீர்களா? மத்தியானம் பாரதப் பிரசங்கம், ராத்திரி கூத்து. கடைசி நாள் காலையில் படுகளம். களிமண்ணில் ராட்சச சைஸில் துரியோதனன் மல்லாந்து கிடப்பான். பீமன் தொடையில் அடிப்பான். அவிழ்த்த கூந்தலை அத்தனை நாள் கழித்துத் திரௌபதி முடிவாள். ஒரு பெண்ணின் கோபம் நியாயம் கேட்டு ஜெயித்த கதை அது. தொல்காப்பியர் சொன்ன வெகுளி. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொள்ளும்.

அதோடு விட்டிருக்கலாம். விடமாட்டார்கள். துரியோதனனின் மனைவி பெருந்திருவாள் வந்து விழுந்து ஒப்பாரி வைப்பாள். இதுவரை துரியோதனனைத் திட்டிக்கொண்டிருந்த பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். திரௌபதியின் கோபத்துக்கும் மரியாதை, பெருந்திருவாளின் கண்ணீருக்கும் மரியாதை. பள்ளிக்கூடமே போகாத வாத்தியார்கள் நடத்திய பாடம் இது. அந்த மேடையில் யாரும் காகிதத்தைக் கிழித்துக் குப்பைக்கூடையில் போடுவதில்லை.

பரணியும் அப்படித்தான். பேய்கள் போர்க்களத்தில் கூழ் காய்ச்சிக் குடிக்கிற இலக்கியம் அது. கலிங்கத்துப்பரணியில் அத்தனை ஆரவாரத்துக்கு நடுவிலும், புருஷனின் உடம்பைத் தேடிவருகிற மனைவியை ஜெயங்கொண்டார் நிறுத்திவைத்திருக்கிறார்.

பரணி என்றதும் தத்துவராயர் கதை ஞாபகம் வருகிறது. உணர்ச்சி யுத்தத்தைப் பரணியாகவே பாடியவர் அவர். அஞ்ஞவதைப் பரணி, மோகவதைப் பரணி என்று இரண்டு. அறியாமையையும் மோகத்தையும் வதம் செய்கிற யுத்தம். அவர் தம்முடைய குரு சொரூபானந்தர் மேல் பரணி பாடியதும் புலவர்கள் சண்டைக்கு வந்தார்களாம். "போரில் ஆயிரம் யானையைக் கொன்ற வீரனுக்குத்தான் பரணி. உம் குரு எத்தனை யானையைக் கொன்றார்?" தத்துவராயர் பதில் சொல்லாமல் அவர்களைக் குருவிடம் அழைத்துப் போனார். குரு எதுவும் பேசவில்லை. சும்மா உட்கார்ந்திருந்தார். புலவர்களும் உட்கார்ந்தார்கள். ஒரு நாள், இரண்டு நாள், மூன்று நாள். வந்தவர்களின் மனசில் இருந்த கோபம், கர்வம், வாதம் எல்லாம் அடங்கிப்போயின. எழுந்தபோது, இந்த யானைகளை அடக்குகிறவருக்கு ஆயிரம் பரணி பாடினாலும் தகும் என்று சொல்லிவிட்டுப் போனார்களாம். ரமண மகரிஷி இந்தக் கதையை அன்பர்களுக்குச் சொல்லியிருக்கிறார்.

கவனித்தீர்களா? பரணியின் தலைப்பில் 'வதை' இருக்கிறது. ஆனால், குருவின் கையில் கத்தி இல்லை. அவர் செய்தது, கோபத்தோடு வந்தவர்களின் பக்கத்தில் மூன்று நாள் உட்கார்ந்திருந்தது.

நமக்கு மூன்று நாள் லீவு கிடைக்காது. பத்து நிமிஷம் கிடைக்கும். பரீட்சைக்கு முந்தின ராத்திரி பிள்ளை முகம் வெளுத்து உட்கார்ந்திருந்தால், "பயப்படாதே, நீ சிங்கம்டா" என்று முதுகில் தட்டுவதற்கு முன்னால், "எதுக்குப்பா பயமா இருக்கு?" என்று கேட்டுப் பாருங்கள். ஆம்பளைப் பையன் அழுதால் "பொட்டச்சி மாதிரி அழாதே" என்று அதட்டுகிற பழக்கத்தை இந்தத் தலைமுறையோடு நிறுத்திக்கொள்ளலாம். அவன் சொல்வதில் பாதி, நம்மால் சரிசெய்யக்கூடிய விஷயமாக இருக்கும். மீதிக்குக் கூட உட்கார்ந்தாலே போதும்.

அந்த நைட் ஷிஃப்ட் அப்பாவின் ரோடு விஷயம்? அதற்கு நகராட்சிக்கோ மாநகராட்சிக்கோ ஒரு மனு எழுதவேண்டும். பள்ளிக்கூடத்தில் கொடுத்த அதே சைஸ் காகிதம் போதும். கிழிக்காமல் கொண்டுபோய்க் கொடுங்கள். மறக்காமல், வாங்கிக்கொண்டதற்கு ஒரு சீல் போட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.